ஒரு டிக்கெட் என்ன விலை?

அக்கா மகன் சிவகாசியிலிருந்து கோடை லீவுக்கு வந்திருந்தான். ஆறாவது முடித்து ஏழாவது போகிறான். காலையில் பொதிகை எக்ஸ்பிரஸில் வந்து இறங்கியவன், வீட்டுக்கு வந்து பல் கூடத் துலக்கவில்லை. பையிலிருந்து ஜியாமெட்ரி பாக்ஸை எடுத்தான். உள்ளே காம்பஸுக்குக் கீழே ரப்பர் பேண்ட் போட்டுச் சுற்றிய ஒரு பிளாஸ்டிக் கார்டு.

"மாமா, இதுல 3,150 இருக்கு. இன்னும் 350 சேர்த்தா டெலஸ்கோப் வாங்கிடலாம்."

போன வருஷம் மே 3-ம் தேதி நகரின் பெரிய மால் ஒன்றில் இருக்கும் கேம் ஸோனுக்கு அவனை அழைத்துப் போயிருந்தேன். என் மகளும் அவனும் ஆடி ஜெயித்த டிக்கெட்டுகளை அங்கேயே பென்சில், ஸ்டிக்கர் என்று வாங்கித் தீர்த்துவிடலாம் என்றேன். பையன் மறுத்துவிட்டான். சேர்த்து வைக்கிறேன் என்றான். அவன் அப்பா, அதாவது என் அத்தான், ஆப்செட் பிரஸ்ஸில் மெஷின்மேன். மாசாமாசம் நகைச் சீட்டு, தீபாவளிக்குப் பலகாரச் சீட்டு என்று சேர்த்தே குடும்பம் நடத்துகிறவர். பிள்ளைக்கு அந்த ரத்தம். ஒரு வருஷம் முழுக்க அந்தக் கார்டைக் காம்பஸுக்குக் கீழே வைத்துக் காப்பாற்றியிருக்கிறான்.

இந்தப் பக்கத்தில் சினிமாவை விமர்சித்திருக்கிறேன். ஓட்டல் சாம்பாரை விமர்சித்திருக்கிறேன். ஒரு முறை கல்யாண மண்டப வாடகையை விமர்சித்து இரண்டு மண்டபக்காரர்களிடம் திட்டு வாங்கியிருக்கிறேன். இந்த வாரம் கேம் ஸோன். பி.காம். படித்தவனை விளையாட அனுப்பினால் அவன் என்ன செய்வான்? கணக்குதான் பார்ப்பான். பார்க்கிங் சீட்டின் பின்பக்கத்தில் பால் பேனாவால் குறித்துக்கொண்டு வந்த கணக்கு இது.

மே 11, சனிக்கிழமை சாயங்காலம். உள்ளே நுழைந்ததும் ஏ.ஸி. குளிர், பாப்கார்ன் வாசனை, நூறு மெஷின்கள் ஒரே நேரத்தில் போடும் கூச்சல். கவுண்ட்டரில் யூனிஃபார்ம் போட்ட ஒரு பெண். பையன் எம்பி நின்று கார்டை நீட்டினான். அந்தப் பெண் கருவியில் வைத்துப் பார்த்தார். இன்னொரு தடவை வைத்துப் பார்த்தார்.

"இது லாப்ஸ் ஆயிடுச்சு சார். ஒரு வருஷம் யூஸ் பண்ணலேன்னா பேலன்ஸ், டிக்கெட் எல்லாமே போயிடும்."

"எப்ப போச்சு?"

"போன வாரம்தான் சார்."

எட்டு நாள். மே 3-க்கும் மே 11-க்கும் நடுவில் எட்டே நாள். சூப்பர்வைசரைக் கூப்பிட்டுப் பேசினேன். நல்ல மனிதர்தான், குரலை உயர்த்தவில்லை. சிஸ்டத்தில் திரும்பக் கொண்டுவர வழியில்லை என்றார். சுவரில் ஒரு போர்டைக் காட்டினார். பதினாலு விதிகள். பதினோராவது விதி அது. தலையைத் தூக்கி, கண்ணைச் சுருக்கிப் படிக்க வேண்டிய எழுத்து. என் போன் நம்பரில்தான் கார்டைப் பதிவு செய்திருந்தேன். அந்த ஒரு வருஷத்தில் பொங்கல் ஆஃபர், மகளின் பிறந்தநாள் வாழ்த்து, "திங்கள் முதல் வியாழன் வரை டபுள் கிரெடிட்" என்று எத்தனையோ மெசேஜ் வந்தன. 'உங்கள் டிக்கெட் அடுத்த வாரம் காலாவதி ஆகிறது' என்று ஒரே ஒரு மெசேஜ் வரவில்லை.

பையன் அழவில்லை. அழுதிருந்தால் சமாதானம் சொல்லியிருப்பேன். என்னைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டான்.

"அப்ப அது என்னோடது இல்லையா மாமா?"

அதற்குப் பிறகுதான் பார்க்கிங் சீட்டை எடுத்தேன்.

முதலில் காசைக் காசாக வைத்திருக்க அங்கே விடுவதில்லை. புதுக் கார்டுக்கு 50 ரூபாய், அது திரும்பக் கிடைக்காது. 1,000 ரூபாய் போட்டால் 1,000 கிரெடிட். 2,000 போட்டால் 2,400 கிரெடிட். "நானூறு ஃப்ரீ சார்!" ஃப்ரீ என்றதும் யார்தான் ஆயிரத்தோடு நிற்பார்கள்? நானும் நிற்கவில்லை. ஆக, ஒரு கிரெடிட் என்பது 83 பைசா சொச்சம். இந்த 83 பைசாதான் முதல் வித்தை. பாஸ்கெட் பாலுக்கு 120 கிரெடிட் என்று எழுதியிருந்தால், அது நூறு ரூபாய் என்று எந்தத் தகப்பன் மனசுக்குள் வகுத்துப் பார்ப்பான்? பக்கத்தில் பிள்ளை கையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருக்கும்போது? நூறு ரூபாய் நோட்டை நீட்டி ஒரு நிமிஷம் பந்து போடச் சொன்னால் யோசிப்போம். கார்டைத் தேய்த்தால் 'டிங்' என்று ஒரு சத்தம், அவ்வளவுதான்.

இனி கணக்கு.

கார் ரேஸ் 150 கிரெடிட். இரண்டு பிள்ளைகளும் பக்கத்துப் பக்கத்து ஸீட்டில் உட்கார்ந்து இரண்டு ரவுண்டு, நாலு தேய்ப்பு: 600. இதில் டிக்கெட் கிடையாது. பாஸ்கெட் பால் 120 வீதம் ஐந்து முறை: 600. கிடைத்த டிக்கெட் 210. சக்கரம் சுற்றும் மெஷின் 110 வீதம் நாலு முறை: 440. டிக்கெட் 300, அதில் 250 ஒரே சுற்றில் வந்தது. பந்தை உருட்டி ஓட்டையில் போடும் ஆட்டம் 100 வீதம் மூன்று முறை: 300. டிக்கெட் 180. பொம்மை தூக்கும் மெஷின் 130 வீதம் மூன்று முறை: 390. பொம்மையும் இல்லை, டிக்கெட்டும் இல்லை.

மொத்தம் 2,330. மீதி 70 கிரெடிட். அந்த 70-க்கு ஆட ஒரு ஆட்டமும் இல்லை, குறைந்த விலையே 90. 'மீதியை வைத்துக்கொண்டு அடுத்த முறை வாங்க' என்பதுதான் அதன் அர்த்தம். அந்த 70 கிரெடிட்டின் மதிப்பு 58 ரூபாய். பெட்டிக்கடையில் சில்லறைக்குப் பதில் ஒரு ஹால்ஸ் கொடுத்தால் சண்டைக்குப் போகிறோம். இங்கே ஹால்ஸும் இல்லை.

சரி, டிக்கெட் என்ன விலைக்கு வாங்கினோம்? டிக்கெட் தரும் ஆட்டங்களுக்கு மட்டும் செலவு 1,340 கிரெடிட். ரூபாயில் 1,117. கிடைத்தது 690 டிக்கெட். ஒரு டிக்கெட்டின் அடக்க விலை 1 ரூபாய் 62 பைசா.

விற்ற விலை? அதற்குப் பரிசு அலமாரிக்குப் போக வேண்டும். கண்ணாடிக்குப் பின்னால் விளக்கு போட்டு அடுக்கியிருந்தார்கள். 50 டிக்கெட்டுக்கு ஒரு ரப்பர். கடையில் 5 ரூபாய். அப்படியானால் டிக்கெட்டுக்கு 10 பைசா. 600 டிக்கெட்டுக்குக் காந்த மூடி போட்ட பென்சில் பாக்ஸ். பாரிமுனையில் 120 ரூபாய்க்கு வாங்கலாம். டிக்கெட்டுக்கு 20 பைசா. 3,500-க்கு அந்த டெலஸ்கோப். வெளியே 650 ரூபாய், டிக்கெட்டுக்குப் பதினெட்டரை பைசா. எல்லோர் கண்ணும் படுகிற இடத்தில், உச்சியில், 12,000 டிக்கெட்டுக்கு ஒரு ப்ளூடூத் ஸ்பீக்கர். வெளியே 1,500 ரூபாய். டிக்கெட்டுக்குப் பன்னிரண்டரை பைசா.

கவனித்தீர்களா? அடித்தட்டில் இருக்கும் ரப்பரும் உச்சியில் இருக்கும் ஸ்பீக்கரும்தான் மோசமான பேரம். நடுவில் இருப்பது தேவலாம். சின்னக் குழந்தை வெறுங்கையோடு போகக் கூடாதே என்று ரப்பர் வாங்கும். பெரிய பையன் ஸ்பீக்கருக்கு ஆசைப்பட்டு வருஷக்கணக்கில் சேர்ப்பான். இரண்டு பேருமே பேரம் பேசுகிற மனநிலையில் இல்லாதவர்கள். அன்றைக்கு எங்களுக்குக் கிடைத்த வேகத்தில் டிக்கெட் சேர்த்தால், அந்த 1,500 ரூபாய் ஸ்பீக்கருக்கு ஏறக்குறைய 19,400 ரூபாய் ஆடியிருக்க வேண்டும்.

1 ரூபாய் 62 பைசாவுக்கு வாங்கி 20 பைசாவுக்கு விற்றோம். நூறு ரூபாய் போட்டால் திரும்பி வந்தது பன்னிரண்டு ரூபாய்ப் பொருள். இந்தத் தொழிலில் வசூலில் 20 முதல் 30 சதவீதம்வரை பரிசாகத் திரும்பப் போகிற மாதிரி மெஷினை அமைப்பது வழக்கம் என்று சொல்கிறார்கள். எங்கள் பன்னிரண்டு அதைவிடக் குறைவு. ஆனால் ஒரு நாள் கணக்கை வைத்துத் தீர்ப்புச் சொல்லக் கூடாது. என் மகளுக்கு எட்டு வயசு. பாஸ்கெட் பாலில் அவள் போட்ட பந்துகளில் பாதி பக்கத்து மெஷினுக்குப் போயின. அதற்கு முதலாளி என்ன செய்வார்?

இந்த வியாபாரம் எங்கே ஆரம்பித்தது என்று கொஞ்சம் பின்னால் போவோம். பந்தை உருட்டி மேட்டில் ஏற்றி ஓட்டையில் போடுகிறோமே, அதன் மூதாதைக்கு 1908-ல் அமெரிக்காவின் நியூஜெர்சியில் காப்புரிமை வாங்கினார் ஜோசப் ஃபூரெஸ்டியர் ஸிம்ப்ஸன் என்பவர். 'ஸ்கீ-பால்' என்று பெயர். அப்போது அதன் தடம் 30 அடிக்கும் மேல் நீளம். அந்த நீளத்துக்குப் பந்தை உருட்டப் புஜபலம் வேண்டும், குழந்தைகளால் முடியாது. பிற்பாடு தடத்தைக் குறைத்தார்கள். குழந்தைகள் வந்தார்கள், கல்லாவும் நிறைந்தது.

அடுத்த ஆசாமி நோலன் புஷ்னெல். அட்டாரி கம்பெனியை ஆரம்பித்து, 1972-ல் 'பாங்' ஆட்டத்தைக் கொண்டுவந்தவர். காலேஜ் படிக்கும்போது ஒரு கேளிக்கைப் பூங்காவில் ஆட்டக் கடையில் வேலை பார்த்தவர். அதாவது, பால் போட்டு பாட்டிலைத் தள்ளினால் பொம்மை தருகிற கடையில் வியாபாரம் கற்றவர். 1977-ல் கலிஃபோர்னியாவின் ஸான் ஹோஸே நகரத்தில் பீட்சாக் கடை, பாடும் இயந்திர பொம்மைகள், வீடியோ கேம் மூன்றையும் ஒரே கூரைக்குக் கீழே கொண்டுவந்தார். அதுதான் பின்னால் 'சக் ஈ. சீஸ்' என்று பெரிய சங்கிலியானது. பீட்சா வேகும்வரை குடும்பம் காத்திருக்கும் அல்லவா, அந்த நேரத்தில் பிள்ளைகள் காசு போடட்டும். நம்மூர் மாலில் ஃபுட் கோர்ட்டும் கேம் ஸோனும் ஒரே மாடியில் இருப்பதைப் பார்த்தால் புஷ்னெல் ஞாபகம் வரலாம்.

அந்தச் சங்கிலியைப் பற்றி ஒரு சேதி. 2020-ல் கொரோனா வந்து கடைகள் மூடியதில் அந்தக் கம்பெனி ஜூன் மாதம் திவால் பாதுகாப்பு கேட்டு கோர்ட்டுக்குப் போனது. செப்டம்பரில் கோர்ட்டில் வேறு ஒரு அனுமதி கேட்டது. தயாராக அச்சடித்து வைத்திருக்கும் பரிசு டிக்கெட்டுகளை அழிக்க வேண்டும். எத்தனை? 700 கோடி டிக்கெட்! 40 அடி கன்டெய்னரில் ஏற்றினால் 65 கன்டெய்னர். அழிக்க மட்டும் சுமார் 23 லட்சம் டாலர் செலவு. ஏன் அழிக்க வேண்டும்? இவை வெளியே போய், யாராவது மொத்தமாக அள்ளிக்கொண்டு வந்து பரிசு கேட்டால் கம்பெனிக்குச் சுமார் 90 லட்சம் டாலர் பரிசுச் செலவாகும் என்றார்கள்.

இதைப் படித்ததும் என்னில் இருக்கும் பி.காம். எழுந்து உட்கார்ந்துவிட்டான். 90 லட்சத்தை 700 கோடியால் வகுத்தால்? ஒரு டாலருக்கு ஏறக்குறைய 778 டிக்கெட். ஒரு டிக்கெட்டுக்கு ஒரு ஸென்ட்டில் எட்டில் ஒரு பங்கு சொச்சம். எந்தக் குழந்தையிடமும் சொல்லாத விலையைக் கோர்ட்டில் எழுதிக் கொடுத்துவிட்டார்கள். அத்தானிடம் போனில் சொன்னேன். அவர் பிரஸ்காரர் இல்லையா, 65 கன்டெய்னர் என்றதும் "எவ்வளவு பேப்பர்!" என்றார் வருத்தத்தோடு. அவர் கவலை அவருக்கு.

இப்போது நம் ஊரிலும் காகித டிக்கெட் குறைந்து, எல்லாம் கார்டுக்குள் எண்ணாகிவிட்டது. மெஷின் வாயிலிருந்து சரசரவென்று நாக்கு மாதிரி டிக்கெட் நீண்டு வருவதைக் கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டு திரிந்த சந்தோஷம் போயிற்று. குப்பை இல்லை, எண்ணுகிற வேலை இல்லை, அது நல்லதுதான். ஆனால் காகித டிக்கெட் பீரோவில் கிடந்தால் அது பையனுடையது. கார்டில் இருக்கும் எண் கம்பெனியின் கம்ப்யூட்டரில் இருக்கிறது. மே 3 ராத்திரி பன்னிரண்டு மணிக்கு யாரும் சிவகாசிக்கு வந்து ஜியாமெட்ரி பாக்ஸைத் திறக்கவில்லை. இங்கே ஒரு வரி மாறியது, அவ்வளவுதான்.

அந்த 3,150 எங்கே போயிருக்கும்? கணக்குப் பாடத்தில் இதற்குப் பதில் உண்டு. நீங்கள் முன்கூட்டிக் கொடுத்த பணம், அதற்கான சேவையைத் தரும்வரை கம்பெனிக்கு வருமானம் ஆகாது. அது பொறுப்பு, அதாவது உங்களுக்குத் தர வேண்டிய பாக்கி. வாடிக்கையாளர் உரிமையைப் பயன்படுத்தாமலே விட்டுவிட்டால் அதற்கு 'பிரேக்கேஜ்' என்று பெயர். 2018 ஏப்ரல் 1 முதல் பெரிய கம்பெனிகளுக்கு வந்த இண்ட் ஏஎஸ் 115 என்ற கணக்கு விதியில் இதற்கு வழிமுறையே இருக்கிறது. இத்தனை பேர் திரும்ப வர மாட்டார்கள் என்று அனுபவத்தில் கணிக்க முடிந்தால், காலாவதித் தேதிவரை காத்திருக்கக்கூட வேண்டாம். மற்றவர்கள் பயன்படுத்தும் விகிதத்துக்கு ஏற்ப அந்தத் தொகையையும் கொஞ்சம் கொஞ்சமாக வருமானத்தில் சேர்த்துக்கொள்ளலாம். தப்பில்லை, சட்டப்படி சரி. பையன் காம்பஸுக்குக் கீழே கார்டை வைத்து டெலஸ்கோப்பில் நிலா பார்க்கக் காத்திருந்தபோதே, எங்கேயோ ஒரு எக்ஸெல் ஷீட்டில் அவன் வர மாட்டான் என்று முடிவு செய்திருக்கலாம். அதைத்தான் என்னால் ஜீரணிக்க முடியவில்லை.

இதிலே இன்னொரு வேடிக்கை. ரிஸர்வ் வங்கி, பல இடங்களில் செல்லும் வாலெட், கிஃப்ட் கார்டு போன்றவற்றுக்கு விதி வைத்திருக்கிறது. குறைந்தது ஒரு வருஷம் செல்ல வேண்டும். காலாவதி ஆவதற்கு முந்தைய 45 நாட்களில் எஸ்.எம்.எஸ்., ஈமெயில் எதிலாவது உரிமையாளரை எச்சரிக்க வேண்டும். அருமையான விதி. ஆனால் ஒரு கடை தன் கடையில் மட்டும் செல்லுபடியாகிற மாதிரி தரும் கார்டுக்கு இது பொருந்தாது. அந்த வகையை ரிஸர்வ் வங்கி தன் அனுமதி வட்டத்துக்கு வெளியே விட்டிருக்கிறது. கேம் ஸோன் கார்டு அந்த வகை.

பொம்மை தூக்கும் மெஷினுக்கு வருகிறேன். மூன்று முறையும் கொக்கி பொம்மையைக் கவ்வியது, தூக்கியது, பாதி வழியில் விரலைத் தளர்த்தியது. என் மகள் "கை வலிக்குதுபோல அதுக்கு" என்றாள். கை வலியெல்லாம் இல்லை. இந்த வகை மெஷின்கள் பலவற்றில் கொக்கியின் பிடியை எத்தனை ஆட்டத்துக்கு ஒரு முறை முழுசாக இறுக்க வேண்டும் என்று நடத்துகிறவரே அமைத்துக்கொள்ளலாம். அதைத் தயாரிப்பாளர்களின் கையேடுகளிலேயே பார்க்கலாம். மற்ற ஆட்டங்களில் கொக்கி விடுகிற மாதிரிதான் பிடிக்கும். ஆக, அங்கே ஸ்டிக்கைப் பிடித்துக் குறிபார்த்துக் கண்ணை இடுக்கிக்கொண்டு நிற்கிற தகப்பன்மார்களின் திறமைக்கு அதில் பெரிய வேலை இல்லை. நானும் கண்ணை இடுக்கினேன். சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

சக்கரத்தில் 250 விழுந்தபோது என்ன நடந்தது தெரியுமா? ஸைரன் அடித்தது. விளக்கு சுழன்றது. பக்கத்துப் பிள்ளைகள் ஓடி வந்து பார்த்தார்கள். பையன் முகத்தில் அந்தச் சாயங்காலம் முதல் தடவையாகச் சிரிப்பு. மற்ற மூன்று சுற்றிலும் 20, 15, 15 என்று விழுந்ததை யாரும் ஞாபகம் வைத்துக்கொள்ளவில்லை, நானே சீட்டைப் பார்த்துத்தான் எழுதுகிறேன். எத்தனை தடவைக்கு ஒரு முறை தீனி விழும் என்று தெரியாவிட்டால் புறா விடாமல் கொத்திக்கொண்டே இருக்கும் என்பதை ஸ்கின்னரும் ஃபெர்ஸ்டரும் ஆராய்ந்து 1957-ல் தடிப் புத்தகமே போட்டார்கள். லாட்டரிச் சீட்டு வியாபாரிக்கு அந்தப் புத்தகம் படிக்காமலே தெரியும். 2003 ஜனவரியில் தமிழ்நாட்டில் லாட்டரியைத் தடை செய்தபோது, தினமும் சுரண்டிக்கொண்டிருந்த எங்கள் தெரு டெய்லர் ஒரு வாரம் கை நடுங்கி உட்கார்ந்திருந்தார். இதுவும் அதுவும் ஒன்று என்று நான் சொல்ல வரவில்லை. இங்கே பணம் திரும்பக் கிடைக்காது, பரிசும் சின்னது. ஸைரன் மட்டும் பெரியது.

நல்லதையும் சொல்லிவிடுகிறேன். பாஸ்கெட் பால் நேர்மையான ஆட்டம். போட்டால் விழும், விழுந்தால் எண் ஏறும். பையனின் எண்ணிக்கை கடைசி ஆட்டத்தில் உண்மையாகவே ஏறியது, கை பழகிவிட்டது. டாய்லெட் சுத்தம். பெண் குழந்தையைத் தனியாக விட்டுப் பத்தடி தள்ளி நிற்க முடிகிறது, அது சாதாரண விஷயமில்லை. வெயில் கொளுத்துகிற மே மாசத்தில் நகரத்தில் பிள்ளைகள் ஓடியாட வேறு இடம் எங்கே இருக்கிறது? இருந்த காலி மனைகளிலெல்லாம் அபார்ட்மென்ட் வந்துவிட்டது. தீவுத்திடல் பொருட்காட்சியிலும் ஊர்த் திருவிழாவிலும் வளையம் எறிந்தவர்கள்தானே நாம்? சோப்பு டப்பா மேல் வளையம் விழாத மாதிரி அகலமான கட்டை வைத்திருப்பார் கடைக்காரர். அவரும் நம்மை ஏமாற்றியவர்தான். ஆனால் அவரிடம் 'அண்ணே, பையன் அழறான், இன்னொரு வளையம் குடுங்க' என்று கேட்க முடிந்தது. கொடுத்தும் இருக்கிறார். சூப்பர்வைசரிடம் நான் கேட்டது அந்த ஒரு வளையத்தைத்தான். சிஸ்டம் கொடுக்கவில்லை.

விலையே அதிகம் என்கிற வாதத்தையும் முழுசாக ஒப்புக்கொள்ள மாட்டேன். மல்டிப்ளெக்ஸில் 190 ரூபாய்க்கு இரண்டரை மணி நேரம் படம், நிமிஷத்துக்கு 1 ரூபாய் 27 பைசா. அன்றைக்கு இரண்டு பிள்ளைகளும் மெஷினோடு உண்மையில் ஆடிய நேரத்தைக் கூட்டிப் பார்த்தேன், 24 நிமிஷம். நிமிஷத்துக்கு 83 ரூபாய். ஏங்க, 65 மடங்கு என்றால் அதிகம் இல்லாமல் என்ன என்பீர்கள். மெஷின் இறக்குமதி, மால் வாடகை, கரன்ட் பில் எல்லாம் இருக்கிறது. பிடித்த ஆட்டத்தை ஆடிச் சிரித்துவிட்டு வந்தால் ஒரு நாளைக்கு அந்தக் காசு போகட்டும். என் புகார் வேறு.

கார் ரேஸில் இரண்டு பேரும் கத்திய கத்தலைக் கேட்டிருக்க வேண்டும். என் மகள் சுவரில் மோதி, தலைகீழாகப் போய், எதிர்த் திசையில் வண்டி ஓட்டினாள். பையன் சிரித்துச் சிரித்து ஸ்டியரிங்கை விட்டுவிட்டான். மூன்று நிமிஷம், தலைக்கு 125 ரூபாய். அன்றைய தினத்தில் காசு கொடுத்ததற்கு மதிப்புள்ள ஒரே பொருள் அதுதான் என்று சீட்டில் எழுதிக் கோடு போட்டேன். "இன்னொரு ரவுண்டு போலாமாடா மாப்ள?" என்று கேட்டேன்.

"வேணாம் மாமா. அதுல டிக்கெட் வராது."

பிடித்த ஆட்டத்தை விட்டுவிட்டுப் போய், பிடிக்காத சக்கரத்தின் முன்னால் நின்றான். டிக்கெட் இல்லாத காலத்தில் ஆட்டம் நன்றாயிருந்தால்தான் பிள்ளை இரண்டாவது காசு போடும். அதனால் ஆட்டத்தை நன்றாகச் செய்ய வேண்டிய கட்டாயம் செய்கிறவனுக்கு இருந்தது. இப்போது ஆட்டம் எப்படி இருந்தால் என்ன, டிக்கெட் வந்தால் போதும். அந்தச் சக்கர மெஷினில் ஆடுவதற்கு என்ன இருக்கிறது? ஒரு பட்டனை அழுத்த வேண்டும், பதினைந்து விநாடி வேடிக்கை பார்க்க வேண்டும். அதற்கு 92 ரூபாய்.

கேம் ஸோன்காரர்களிடம் கேட்பதற்குப் பெரிதாக ஒன்றும் இல்லை. கிரெடிட்டுக்குப் பக்கத்தில் ரூபாயையும் எழுதுங்கள். பொம்மை மெஷினில் எத்தனை ஆட்டத்துக்கு ஒரு முறை கொக்கி இறுகும் என்று ஒட்டுங்கள். ஆஃபர் மெசேஜ் அனுப்பத் தெரிந்த கம்ப்யூட்டருக்குக் காலாவதி மெசேஜும் அனுப்பத் தெரியும், அனுப்பச் சொல்லுங்கள். ஒரு வருஷத்தைப் பதினைந்து மாசமாக்குங்கள். கோடை லீவுக்கு மட்டும் வருகிற ஊர்ப் பிள்ளைகள் ஒவ்வொரு வருஷமும் சரியாக அதே தேதிக்கு வர முடியாது. பரீட்சை ஒரு வருஷம் முன்னால் முடியும், ஒரு வருஷம் பின்னால் முடியும். ரயிலில் டிக்கெட் கிடைக்க வேண்டும். பெற்றவர்களுக்கு? வீட்டிலேயே பேசி முடித்துவிட்டுப் போங்கள், இத்தனை ரூபாய், இந்த இந்த ஆட்டம் என்று. இரண்டாயிரத்தில் நானூறு ஃப்ரீயை நான் விட்டிருந்தால் ஆயிரத்தோடு வெளியே வந்திருப்பேன். பரிசு வேண்டுமென்றால் நடு அலமாரியைப் பாருங்கள். அன்றைக்கே வாங்கிவிடுங்கள். சேர்த்து வைக்காதீர்கள். சேமிப்பைப் பற்றி இருபது வருஷமாக எழுதுகிறவன் ஒரு குழந்தையிடம் சேர்த்து வைக்காதே என்று சொல்ல வேண்டியிருந்தது.

690 டிக்கெட்டில் பென்சில் பாக்ஸ் வாங்கினோம், 600. அதை என் மகளுக்குக் கொடுத்துவிட்டான். டெலஸ்கோப்பை வெளியே 650 ரூபாய்க்கு வாங்கித் தருகிறேன் என்றேன். இரண்டு தடவை சொன்னேன். "பரவால்ல மாமா" என்றான். நான் காசு கொடுத்து வாங்குவதும் அவன் ஜெயித்து வாங்குவதும் ஒன்றில்லை என்று அவனுக்குத் தெரிந்திருக்கிறது. எனக்குத்தான் லேட்டாகப் புரிந்தது.

ராத்திரி சாப்பிட்டு முடித்த பிறகு என் சட்டைப் பையிலிருந்து பால் பேனாவை எடுத்துக்கொண்டு போனான். பர்மனென்ட் மார்க்கர் இருக்கிறதா என்று பிறகு வந்து கேட்டான், பால் பேனா பிளாஸ்டிக்கில் எழுதவில்லையாம். புதுக் கார்டின் பின்பக்கத்தில் 'மே 10' என்று எழுதி, கீழே இரண்டு கோடு போட்டு, ஊதிக் காய வைத்தான். ரப்பர் பேண்ட் போட்டான். காம்பஸுக்குக் கீழே வைத்தான்.

"அடுத்த வருஷம் வந்தவுடனே முதல்ல அங்கதான் போகணும் மாமா. இதுல 90 இருக்கு."

90 டிக்கெட். என் கணக்கில் 18 ரூபாய்.